இஸ்ஸுப்பு முதல் வளன் வரை: ஓர் எபிரேயப் பெயரின் இந்தியப் பயணம்

கொச்சி மட்டாஞ்சேரியின் பரதேசி யூதத் தொழுகைக்கூடத்துக்கு உரிமையான இரண்டு செப்புத் தகடுகள் உள்ளன. மூன்று பக்கங்களில், 28 வரிகளில், வட்டெழுத்தும் இடையிடையே கிரந்தமுமாக வெட்டப்பட்ட சாசனம் அது. சேரப் பெருமாள் பாஸ்கர இரவி வர்மன் முயிரிக்கோட்டில் இருந்தருளிய நாளில் அதை வழங்கினான். கொச்சி யூதர்களின் மரபுக்கதை அதற்குக் கி.பி. 379 என்று ஆண்டு சொல்கிறது. எழுத்தமைதியையும் ஆட்சியாண்டுக் குறிப்பையும் கொண்டு ஆய்வாளர்கள் கணிப்பது கி.பி. 1000-ஐ ஒட்டிய காலம்.

சாசனம் வழங்குவது அஞ்சுவண்ணத்தையும் 72 வீடுபேறுகளையும். பகல்விளக்கு, நடைபாவாடை, பல்லக்கு, குடை, வடுகப்பறை, காகளம், தோரணம் ஆகிய சிறப்புகள் அவற்றுள் அடங்கும். ஊரிலுள்ள மற்றவர்கள் அரசனுக்குச் செலுத்தும் வரியை அவன் செலுத்த வேண்டியதில்லை. மற்றவர்கள் பெறுவதை அவனும் பெறலாம். இவ்வுரிமை அவனுடைய ஆண்மக்களுக்கும் பெண்மக்களுக்கும் மருமக்களுக்கும், உலகும் சந்திரனும் உள்ளவரை. வேணாடு, ஏறநாடு, வள்ளுவநாடு முதலிய நாடுகளின் தலைவர்கள் சாட்சி. பெறுபவனின் பெயர் இஸ்ஸுப்பு இறப்பான்.

கோதை, இரவி, கண்டன், சாத்தன் என்னும் பெயர்களுக்கு நடுவே இந்தப் பெயரை முதன்முறை படிப்பவர் இதையும் அவ்வூர்ப் பெயர்களுள் ஒன்றாகவே எண்ணக்கூடும். உண்மையில் இது யோசேப் ரப்பான். முதற்சொல் எபிரேய விவிலியத்தின் யோசேஃப். இரண்டாவது 'எம் ஆசான்' எனப் பொருள்படும் அரமேய மதிப்புப் பெயர். ரகரம் மொழிமுதல் வாராது என்பதால் இராமன், இரத்தினம் என்பவற்றில் போல இகரம் முன்னே வந்து நின்றது. 'ப்ப' என்னும் இரட்டிப்பு அரமேயத்தின் இரட்டித்த பகரத்தைத் தாங்கிக்கொண்டது. ஈற்றில் குற்றியலுகரம் சேர்ந்தது. சாசனத்தைப் பொறித்தவன் அயற்பெயரைப் படியெடுக்க முயலவில்லை. தன் காதில் விழுந்ததைத் தன் மொழியின் ஒலிவிதிக்கு உட்படுத்தி எழுதினான்.

அன்று தொடங்கி இன்றுவரை இந்த ஒரே பெயர் இந்தியாவில் பல உருவங்களில் உலவுகிறது. தமிழில் மட்டும் யோசேப்பு, சூசை, யூசுப், ஜோசப், வளன் என ஐந்து. மலையாளத்தில் யௌசேப்பு, ஔசேப்பு. குஜராத்தி முஸ்லிம்களிடையே இசப், இசுப். இவ்வுருவங்களைக் கேட்டவுடன் கேட்பவர் மனத்தில் ஒரு மதமும் சிலபோது ஒரு சாதியும் ஓர் ஊரும் எழுந்துவிடுகின்றன. அந்த அனுமானத்தில் எவ்வளவு சரி, எவ்வளவு பிழை என்பதை அறியப் பெயரின் வரலாற்றைத் தொடக்கத்திலிருந்து பார்க்க வேண்டும்.

ராகேலின் வேண்டுதல்

தொடக்க நூலின் 30-ஆம் அதிகாரத்தில் பெயர் பிறக்கிறது. யாக்கோபின் மனைவி ராகேல் நெடுநாள் மலடி எனப் பழிக்கப்பட்டவள். அவளுக்குப் பிறந்த முதல் மகனுக்கு நூல் இரண்டு பெயர்க்காரணங்களை அடுத்தடுத்துத் தருகிறது. ஒன்று, கடவுள் தன் இழிவை 'அகற்றினார்' என்பது. இதற்கு வினை 'ஆசஃப்'. மற்றொன்று, ஆண்டவர் தனக்கு இன்னொரு மகனைச் 'சேர்த்துத் தருவாராக' என்பது. இதற்கு வினை 'யாசஃப்'. ஒலியில் நெருங்கிய இரு வினைகளை வைத்து நூலாசிரியர் சொல்லாடுகிறார். இலக்கணம் இரண்டாவதையே ஏற்கிறது. 'யோசேஃப்' என்பது 'சேர்' என்னும் வினையின் படர்க்கை வடிவம்: 'அவர் கூட்டுவார்', 'அவர் பெருக்குவாராக'.

கூட்டுபவர் யார் என்பது பெயரில் இல்லை. பழைய மேற்குச் செமித்தியப் பெயர்களில் பல இவ்வாறு இறைப்பெயர் உதிர்ந்து வினை மட்டும் எஞ்சியவை. முழு வடிவங்களும் விவிலியத்திலேயே உள்ளன. எஸ்ரா நூலில் வரும் யோசிஃபியா 'ஆண்டவர் கூட்டுவார்' என்று பொருள்படும். எண்ணிக்கை நூலில் காத்து குலத்தலைவனாக வரும் எலியாசாஃப் 'கடவுள் கூட்டினார்' என்று பொருள்படும். யோசேஃப் இவற்றின் சுருங்கிய உறவு.

பெயர் ஒரு வேண்டுதல் என்பதால் கதைக்குள் அதற்கு விடையும் உண்டு. ராகேல் கேட்டபடி இரண்டாவது மகன் பென்யமின் பிறக்கிறான். அந்தப் பேற்றிலேயே அவள் இறக்கிறாள். விவிலியத்தின் முதல் நூலில் இவ்வளவு கனத்தை உள்ளே வைத்திருக்கும் பெயர்கள் குறைவு. எகிப்தில் அவனுக்குப் பார்வோன் இடும் பெயர் 'சாப்னாத்-பனேயா'. அந்தப் பெயர் எந்தக் குழந்தைக்கும் இடப்பட்டு வழங்கவில்லை. அயல்நாட்டு அரசன் தந்த பட்டப்பெயர் அழிய, தாய் இட்ட பெயர் நிலைத்தது.

ஒரு காலத்தில் அரிய பெயர்

இன்று உலகில் மிகப் பரவலான பெயர்களுள் ஒன்றாக இருக்கும் இது, இசுரயேல் மன்னராட்சிக் காலத்தில் தனிமனிதர் பெயராக அரிதாகவே வருகிறது. 'யோசேப்பின் வீடு' என்பது எப்ராயிம், மனாசே என்னும் இரு குலங்களைக் குறித்த தொகைப்பெயர். குலமுதல்வரின் பெயரைக் குழந்தைக்கு இடும் வழக்கம் பாபிலோன் சிறைவாசத்துக்குப் பின்னரே வேரூன்றியது. எஸ்ரா, நெகேமியா நூல்களின் பட்டியல்களில் அதன் தொடக்கத்தைக் காணலாம். நாடிழந்த மக்கள், அயல்நாட்டில் விற்கப்பட்டும் உயர்ந்த ஒருவனின் பெயரை மீட்டெடுத்தது புரிந்துகொள்ளக் கூடியதே.

அடுத்த சில நூற்றாண்டுகளில் பெயர் பெருகியது. யூதேயாவிலும் கலிலேயாவிலும் இரண்டாம் ஆலயக் காலத்தின் கல்வெட்டுகள், எலும்புப் பேழைகள், நூல்கள் ஆகியவற்றிலிருந்து தொகுக்கப்பட்ட ஆண்பெயர்களில் சீமோனுக்கு அடுத்த இடம் யோசேப்புக்கே. எருசலேமின் தென்புறத்தில் 1990-இல் கண்டெடுக்கப்பட்ட ஓர் எலும்புப் பேழையில் 'யெகோசேஃப் பர் கயாஃபா' என்று பொறித்திருந்தது. தலைமைக்குரு கயபாவின் இயற்பெயர் யோசேப்பு என்று வரலாற்றாசிரியர் யோசேஃபஸ் குறிப்பிடுகிறார்; பேழை அவருடையதே என்று பலரும் கருதுகின்றனர்.

இங்கே எழுத்துக்கூட்டலைக் கவனிக்க வேண்டும். 'யோசேஃப்' அன்று, 'யெகோசேஃப்'. விவிலியத்தில் திருப்பாடல் 81-இல் ஒரே ஓர் இடத்தில் வரும் வடிவம் இது. 'யெகோ' என்பது இறைப்பெயரின் சுருக்கமாக யெகோநாத்தான், யெகோஷாபாத் போன்ற பெயர்களின் முன் நிற்பது. யோசேஃப் என்பதன் 'யோ' வினையின் பகுதி. அதற்கும் இறைப்பெயருக்கும் தொடர்பில்லை. பயன்படுத்திய மக்களோ அந்த 'யோ'வில் இறைப்பெயரைக் கேட்டனர், கேட்டபடியே எழுதினர். பொருள் மறந்த இடத்தில் புதுப்பொருள் நுழைவது எல்லா மொழிகளிலும் நிகழ்வதுதான். இந்தப் பெயரில் அது பெயருக்கு உரியவர்களாலேயே நிகழ்ந்தது.

பெருகிய பெயருக்கு அடையாளம் குறையும். ஆகவே அடைமொழிகள் வந்தன. புதிய ஏற்பாட்டில் வரும் யோசேப்புகளை எண்ணினால் இது விளங்கும்: அரிமத்தியா யோசேப்பு, பர்சபா எனப்பட்ட யோசேப்பு, பர்னபா எனப்பட்ட யோசேப்பு. மரியாவின் கணவரைத் 'தச்சர்' என்ற தொழிலால் அறிகிறோம். இயேசுவின் சகோதரர்களுள் ஒருவர் மத்தேயுவில் யோசேப்பு; மாற்கில் யோசே. இந்த 'யோசே' கலிலேயப் பேச்சுவழக்கின் சுருக்கம். மிஷ்னாவின் ஆசான்களுள் யோசே பென் ஹலஃப்தா, கலிலேயரான யோசே ஆகியோரிடம் அது நூல்வழக்காகவே நிலைத்தது.

அந்த நூற்றாண்டின் மிகவும் சர்ச்சைக்குரிய யோசேப்பு, மத்தித்தியாவின் மகன். கி.பி. 67-இல் யோதபாதாவில் உரோமரிடம் சரணடைந்து, பேரரசரின் குடும்பப் பெயரைத் தன் பெயருக்கு முன்னே சூடி ஃபிளாவியுஸ் யோசேஃபஸ் ஆனவர். தன் மக்களின் போரையும் தொன்மையையும் கிரேக்கத்தில் எழுதினார். துரோகி என்றும் வரலாற்றின் காவலர் என்றும் இருவேறாகப் பேசப்படும் அவர் பெயரிலேயே அந்த இரட்டை நிலை பதிந்திருக்கிறது: எபிரேய வேர், இலத்தீன் ஈறு, முன்னே உரோமக் குடும்பப் பெயர்.

மூன்று கிளைகள்

எபிரேயத்திலிருந்து பெயர் மூன்று பெருவழிகளில் பிரிந்தது. இந்திய வடிவங்களைப் புரிந்துகொள்ள இப்பிரிவே திறவுகோல்.

கிரேக்க விவிலியத்தில் அது 'இயோசேஃப்'. அதிலிருந்து இலத்தீன், இலத்தீனிலிருந்து ஐரோப்பிய மொழிகள். இத்தாலியத்தில் ஜுசெப்பே, போர்த்துகீசியத்தில் ஜுசே, ஆங்கிலத்தில் ஜோசஃப். ஆனால் மேற்கு ஐரோப்பாவில் இது நெடுங்காலம் பரவலான கிறித்தவப் பெயராக இருக்கவில்லை. புனித யோசேப்பின் திருநாள் உரோமை நாட்காட்டியில் சேர்ந்ததே 15-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில்தான். அவிலாவின் தெரேசா 1562-இல் தம் முதல் மடத்தை அவர் பெயரில் நிறுவினார். 17-ஆம் நூற்றாண்டில் பக்தி பெருகப் பெருகப் பெயரும் பெருகியது.

சிரியாக் மொழியில் அது 'யௌசேப்'. முதலசையில் 'ஔ' என்னும் ஈருயிர். ஈற்றில் உரசொலி ஆகாத பகரம். கிழக்குச் சிரியாக் ஒலிப்பில் பகரம் எங்கும் வல்லொலியாகவே நிற்கும்.

அரபியில் அது 'யூசுஃப்'. இசுலாத்துக்கு முன்பே தென் அரேபியாவில் இப்பெயர் அரியணை ஏறியிருந்தது. ஹிம்யர் நாட்டின் யூத மன்னன் யூசுஃப் அஸ்அர் யஸ்அரின் பெயரைக் கி.பி. 523-ஐச் சேர்ந்த பாறைக் கல்வெட்டுகள் தாங்கி நிற்கின்றன. நஜ்ரான் கிறித்தவர்களைக் கொன்றவனாகச் சிரியாக் நூல்கள் அவனை நினைவில் வைத்துள்ளன. பின்னர் குர்ஆனின் 12-ஆம் அத்தியாயம், 111 வசனங்களில், ஏறத்தாழ முழுமையும் யூசுஃபின் கதையைச் சொல்லி, அதைக் கதைகளுள் அழகியது என்று தானே குறிப்பிட்டது. அதன்பின் பெயர் அத்லாந்திக் கரையிலிருந்து வங்காளம் வரை வழங்கியது. 15-ஆம் நூற்றாண்டில் பாரசீகக் கவிஞர் ஜாமி பாடிய யூசுஃப்–ஜுலைகா காதலின் வழியே அழகுக்கும் அது மறுபெயராயிற்று.

மேற்குக் கரையில்

இனி முயிரிக்கோட்டுக்குத் திரும்பலாம். 'இஸ்ஸுப்பு' எந்தக் கிளையைச் சேர்ந்தது? பெற்றவன் யூதன், எபிரேய வடிவம் நேரே வந்திருந்தால் ஓகாரமும் ஏகாரமும் எதிர்பார்க்கப்படும். சிரியாக் வழி வந்திருந்தால் ஔகாரம் எதிர்பார்க்கப்படும். சாசனத்தில் இருப்பது 'இ… உ'. இரண்டாம் அசையின் உகரம் அரபி யூசுஃபை நினைவூட்டுகிறது. அந்நாளில் இந்துமாக்கடல் வணிகத்தில் ஈடுபட்ட யூதர்களின் பேச்சுமொழி பெரும்பாலும் அரபியே. மொழிமுதல் 'யூ' இகரமாவதற்கும் இணை உண்டு. குஜராத்தி முஸ்லிம்களிடையே யூசுஃப் 'இசுப்', 'இசப்' ஆயிற்று. தென்னாப்பிரிக்காவுக்குக் குடிபெயர்ந்தவர்களிடம் 'எஸ்ஸப்' என நின்றது. அந்நாட்டு விடுதலைப் போராட்டத் தலைவர்களுள் ஒருவரான எஸ்ஸப் பஹாத் அப்பெயர் கொண்டவர். மறுபுறம், ஈற்றுக் குற்றியலுகரத்தின் சாயலால் முந்தைய உயிரும் உகரமாகத் திரிந்திருக்கலாம் என்ற வாதமும் உண்டு. எதை ஏற்றாலும், எபிரேயத் திருநூலைப் படித்தவனின் பெயரைச் சேர நாட்டு எழுத்தன் நூலிலிருந்து எழுதவில்லை. துறைமுகத்தில் வாய்மொழியாக வழங்கியதைக் கேட்டே எழுதினான் என்பது தெளிவு.

அத்துறைமுக உலகின் இன்னொரு யோசேப்பைக் கெய்ரோ கெனிசா ஏடுகள் காட்டுகின்றன. திரிப்போலியைச் சேர்ந்து ஃபுஸ்தாத்தில் வாழ்ந்த வணிகர் யோசேஃப் லெப்தி, 11-ஆம் நூற்றாண்டின் இறுதியில் இந்தியா வரை வந்து வணிகம் செய்தவர். அவரை நாம் அறிவதே அவர்மீது தொடரப்பட்ட வழக்குகளின் ஆவணங்களால்தான். ஏடுகளில் அவர் 'அபூ யஅகூப்' என்றும் விளிக்கப்படுகிறார். யாக்கோபின் மகன் யோசேப்பு என்பது மறைநூல். யோசேப்பு என்று பெயருள்ளவரை 'யாக்கோபின் தந்தை' என்று அழைப்பது அரபு வழக்கு. இரு மரபுகளும் ஒரே மனிதரிடம் இயல்பாகக் கூடியிருந்தன.

கேரளத்துச் சிரியக் கிறித்தவர்களிடம் பெயர் வேறு வழியில் வந்தது. திருமுறை மொழியான சிரியாக்கின் 'யௌசேப்' மலையாளத்தில் யௌசேப்பு ஆயிற்று. இன்றும் புனித யோசேப்பு அங்கே யௌசேப்பு பிதாவே. வீட்டு வழக்கில் யகரம் உதிர்ந்து ஔசேப்பு ஆனது, இளையவருக்குக் கொச்சௌசேப்பு. யாக்கோபு சாக்கோ ஆனதும், கீவர்கீஸ் வர்கீஸ் ஆனதும் இதே பேச்சுப் பட்டறையில்தான். ஔகாரம் ஒன்றே இப்பெயரின் வழியைக் காட்டப் போதுமானது. போர்த்துகீசியரோ ஆங்கிலேயரோ தந்த வடிவத்தில் அது வந்திருக்க வழியில்லை.

இக்கூட்டத்தின் யோசேப்புகளுள் இருவர் கடல்கடந்தவர்கள். கொடுங்கல்லூரின் குரு யோசேப்பு 1501-இல் கப்ராலின் கப்பல்களில் லிஸ்பன் சென்று, உரோமையையும் வெனிசையும் கண்டார். அவர் சொல்லக் கேட்டு எழுதியது 1507-இல் இத்தாலியில் அச்சேறியது. ஐரோப்பியர் அவரை 'இந்தியரான யோசேப்பு' என்றே குறித்தனர். அவருடைய ஊர், இஸ்ஸுப்பு இறப்பான் சாசனம் பெற்ற அதே துறைமுகப் பகுதி. இன்னொருவர் கரியாட்டில் யௌசேப்பு. 1783-இல் லிஸ்பனில் பேராயராகத் திருநிலை பெற்றுத் திரும்பியவர், 1786-இல் தம் மறைமாவட்டத்தைச் சேருமுன் கோவாவில் இறந்தார். உடன் சென்ற பாறேம்மாக்கல் தோமா கத்தனார் எழுதிய 'வர்த்தமானப்புஸ்தகம்' இந்திய மொழிகளின் முதல் பயணநூல்களுள் முதலிடம் பெறுவது. தங்கள் திருச்சபையைத் தாங்களே ஆள வேண்டும் என்னும் கோரிக்கையே அப்பயணத்தின் காரணம்.

பெயரும் அந்த அதிகாரப் போரின் ஒரு பகுதியாக இருந்தது. 1599-இல் கோவா பேராயர் மெனேசிசு கூட்டிய உதயம்பேரூர்ச் சங்கம், இம்மக்களிடையே வழங்கிய 'ஈசோ' என்னும் பெயரை இனி எவருக்கும் இடலாகாது என்று விதித்தது. சிரியாக் மரபில் இயேசுவின் பெயரைக் குழந்தைக்கு இடுவது இயல்பு. கி.பி. 849-இன் தரிசாப்பள்ளிச் செப்பேட்டில் உரிமை பெறும் மருவான் சபீர் ஈசோவின் பெயரிலும் அது உண்டு. ஏழரை நூற்றாண்டுக்கு மேல் வழங்கிய ஒரு பெயரை ஓர் ஆணை தடுத்தது. ஔசேப்புக்கு அந்தத் தடை நேரவில்லை, அது வாழ்ந்தது.

சூசை

தமிழ்நாட்டுக் கடற்கரைக்குப் பெயர் போர்த்துகீசியக் கப்பலில் வந்தது. முத்துக்குளித்துறைப் பரதவர்கள் 1530-களில் திருமுழுக்குப் பெற்றனர்; 1542-இல் பிரான்சிஸ் சவேரியார் வந்தார். அவ்வழி வந்த பெயர்கள் எல்லாம் போர்த்துகீசிய ஒலியைத் தமிழ்க் காது பிடித்த விதத்தைக் காட்டுவன: இன்னாசி, சந்தியாகு, மிக்கேல், சவரி. ஜுசே என்பதன் முதலொலி தமிழில் இல்லாததால் சகரமாயிற்று. ஈற்றில் அழுத்தம் பெற்ற திறந்த எகரம் ஐகாரமாயிற்று. சூசை பிறந்தது. இதே விதியில்தான் போர்த்துகீசியத் தொமே தமிழில் தொம்மை ஆனது. ஒரு திரிபு விதியாக நிறுவப்பட வேண்டுமானால் இரண்டாவது சான்று வேண்டும். தொம்மை அந்தச் சான்று.

சூசை என்னும் சொல்லில் எபிரேயத்தின் பகரம் முற்றிலும் மறைந்துவிட்டது. யகரமும் இல்லை. மூல மெய்கள் மூன்றில் எஞ்சியது சகரம் ஒன்றே. ஆயினும் சூசையப்பர், சூசைமாணிக்கம், சூசைநாதன் எனத் தமிழ்ச் சொற்களோடு தடையின்றிக் கலந்தது இவ்வடிவமே. 18-ஆம் நூற்றாண்டில் தரங்கம்பாடி சீர்திருத்தச் சபையினர் மூலநூல்களிலிருந்து விவிலியத்தைத் தமிழாக்கியபோது ஓகாரமும் ஏகாரமும் பகரமும் மீண்டு 'யோசேப்பு' நிலைபெற்றது. ஆகவே ஒரே புனிதர் ஒரு தெருவில் சூசையப்பராகவும் அடுத்த தெருவில் யோசேப்பாகவும் இருந்தார். 1995-இல் இருசபையார் பொதுமொழிபெயர்ப்பாக வெளிவந்த திருவிவிலியம் யோசேப்பையே ஏற்றது. ஊர்க் கோயில்களில் சூசையப்பர் இன்னும் சூசையப்பரே.

வளன்

ஒலியைத் தொடர்ந்து வந்த இவ்வரலாற்றில் ஒரே ஒருவர் பொருளைத் தொடர்ந்தார். இத்தாலியிலிருந்து 18-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தமிழகம் வந்த வீரமாமுனிவர் புனித யோசேப்பைப் பாட்டுடைத் தலைவராக்கித் தேம்பாவணி இயற்றினார். மூன்று காண்டங்கள், 36 படலங்கள், 3615 பாடல்கள். தலைவனுக்கு அவர் இட்ட பெயர் வளன்.

'பெருக்குவாராக' என்னும் வினையிலிருந்து பிறந்த பெயருக்கு, பெருக்கத்தையும் செழிப்பையும் குறிக்கும் 'வளம்' நேரான தமிழ். இது தற்செயல் அன்று என்பதற்கு அதே காவியத்தின் இன்னொரு பெயர் சான்று. திருமுழுக்கு யோவான் அங்கே கருணையன். 'ஆண்டவர் அருள்கூர்ந்தார்' என்பதே யோவானின் எபிரேயப் பொருள். முனிவர் மூலப்பொருளை அறிந்து, ஒரு முறைப்படி பெயர்த்தார். அந்த முறைக்குள் இன்னொரு செய்தியும் அடங்கியிருக்கிறது. அவருடைய இத்தாலியப் பெயர் கான்ஸ்டன்சோ ஜுசெப்பே பெஸ்கி. ஒரு யோசேப்பு இன்னொரு யோசேப்பைப் பாடி, இருவருக்கும் உரிய பெயருக்குத் தமிழ்ப்பொருள் கண்டார்.

வளன் காவியத்தோடு நிற்கவில்லை. திருச்சிராப்பள்ளியின் தூய வளனார் கல்லூரி அப்பெயரைத் தாங்குகிறது. வளன், வளனரசு என்னும் பெயர்களைக் குழந்தைகள் தாங்குகின்றன. அவற்றைக் கேட்பவர் தூய தமிழ்ப்பெயர் என்பார். அது உண்மை. ராகேலின் வேண்டுதலும் அதுவே என்பதும் உண்மை.

யூசுப்

வடக்கிலும் தக்காணத்திலும் பெயர் பாரசீக–அரபு வழியில் வந்தது. 1490-இல் பீஜப்பூரில் தனியரசு கண்ட யூசுஃப் ஆதில் ஷா அதன் புகழ்பெற்ற உரிமையாளர்களுள் ஒருவர். தமிழ் வரலாற்றில் முதலில் நினைவுக்கு வருபவர் முகம்மது யூசுப் கான். ஆங்கிலக் கும்பினியின் தளபதியாக உயர்ந்து, மதுரையை ஆண்டு, அதே கும்பினியையும் நவாபையும் எதிர்த்து, 1764 அக்டோபரில் தூக்கிலிடப்பட்டவர். இராமநாதபுரச் சீமையின் பனையூரில் மருதநாயகமாகப் பிறந்தவர் என்பது மரபுச் செய்தி. மக்கள் நினைவு இரண்டு பெயர்களையும் விட்டுக் கான்சாகிபு என்னும் பட்டத்தையே பற்றிக்கொண்டது. கதைப்பாடலும் 'கான்சாகிபு சண்டை'தான்.

பெஷாவரில் 1922-இல் பிறந்த இன்னொரு யூசுஃப் கான் 1944-இல் 'ஜ்வார் பாட்டா' படத்தில் திலீப் குமாராகத் திரையில் தோன்றினார். இறுதிவரை அப்பெயரிலேயே நாடு அவரை அறிந்தது. முயிரிக்கோட்டில் ஓர் அயற்பெயரை அரசனின் சாசனம் தன் எழுத்தில் எழுதிக்கொண்டது. பம்பாயில் ஓர் இந்தியப் பெயர் திரைக்குப் பின்னே நிறுத்தப்பட்டது. ஒரு பெயர் எங்கே வெளிப்படையாக நிற்கிறது, எங்கே மறைகிறது என்பது பெயரைவிட அந்தக் காலத்தைப் பற்றியே அதிகம் சொல்கிறது.

பெயரும் குருதியும்

முடிவுகளைத் தொகுக்குமுன் ஓர் எச்சரிக்கை தேவை. ஒலியொப்புமை தன்னளவில் சான்றாகாது. இடைக்கால ஐரோப்பா யோசபாத் என்னும் இந்திய இளவரசனைப் புனிதனாக வணங்கியது. பெயரைப் பார்த்தால் எபிரேயம். யோசேப்புக்கு உறவுபோலவும் தோன்றும். அது இரண்டுமே அன்று. அவன் போதிசத்துவன். அரபியில் 'பூதாசஃப்' என்று எழுதப்பட்டபோது பகரத்துக்கும் யகரத்துக்கும் உள்ள வேறுபாடு ஒரு புள்ளி மட்டுமே. புள்ளி தவற, 'யூதாசஃப்' ஆகி, ஜியார்ஜிய, கிரேக்க மொழிகள் வழியே விவிலியப் பெயரான யோசபாத்தோடு கலந்தது. விதியையும் இடைப்படிகளையும் காட்டாமல் இரு சொற்களை ஒன்றெனச் சொல்பவர், புத்தரை யூத மன்னராக்கிய அந்தப் பிழையையே மீண்டும் செய்கிறார்.

இதற்கு அடுத்த பிழை பெயரின் வழியை மனிதரின் வழியாகக் கொள்வது. ஔசேப்பு என்னும் பெயர் சிரியாக்கிலிருந்து வந்தது. அதைத் தாங்குபவரின் முன்னோர் சிரியாவிலிருந்து வந்தனர் என்பதற்கு அது சான்றன்று. சூசை போர்த்துகீசியச் சொல். முத்துக்குளித்துறையின் சூசைகள் அக்கரையின் மண்ணுக்கு எந்தப் போர்த்துகீசியரையும்விட மூத்தவர்கள். யூசுப் அரபிச் சொல். மதுரையை ஆண்ட யூசுப் பிறந்ததாக மரபு சொல்வது பனையூரில். கொடிவழி கோரவும், அந்நியர் எனத் தள்ளவும் பெயர்களைச் சான்றாகக் காட்டும் இருசாராரும் ஒரே தவற்றைச் செய்கின்றனர். பெயர்வடிவம் சொல்வது மூன்று செய்திகளை மட்டும்: எந்த மொழியினரோடு உறவு இருந்தது, எந்தக் காலத்தில், எந்த ஊடகத்தின் வழியே. ஔகாரம் வழிபாட்டு மொழியைக் காட்டும். ஐகாரம் கப்பலைக் காட்டும். ஓகாரமும் ஏகாரமும் அச்சிட்ட நூலைக் காட்டும். இவை குருதியைப் பற்றி ஏதும் சொல்வதில்லை.

2017 ஜூலையில் இந்தியப் பிரதமர் இசுரயேல் சென்றபோது அந்நாட்டுப் பிரதமருக்கு வழங்கிய பரிசுகளில் கொச்சிச் செப்பேடுகளின் படிகளும் இருந்தன. எபிரேய நாட்டுக்குத் திரும்பிச் சென்ற அந்த எபிரேயப் பெயர் வட்டெழுத்தில் இருந்தது. இகரத்தில் தொடங்கி, பகரம் இரட்டித்து, உகரத்தில் முடிந்தது. அதைப் படிக்க இசுரயேலர்கள் சேர நாட்டு எழுத்தையும் ஒலிவிதியையும் கற்க வேண்டும். ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் அந்தப் பெயருக்கு உரியவன் இந்நாட்டில் பெற்ற 72 வீடுபேறுகளோடு, சாசனத்தில் எண்ணப்படாத எழுபத்துமூன்றாவது உரிமையும் ஒன்று உண்டு: அவ்வூர் மக்கள் தங்கள் வாயால் சொல்லத்தக்க ஒரு பெயர்.